உடன்படிக்கை ஞாயிறுக்கு முன்னும் பின்னும்: தேவனுக்குத் தன்னை ஒப்புக்கொடுக்க விரும்பும் புதியவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ஜனவரி மாதத்தின் முதல் ஞாயிற்றுக்கிழமையில் மெதடிஸ்ட் வழிவந்த சபைகளிலும், தென்னிந்தியத் திருச்சபையின் பல ஆலயங்களிலும், உடன்படிக்கையைப் புதுப்பிக்கும் ஆராதனை நடப்பது வழக்கம். சபைக்குப் புதிதாக வந்தவரின் கையில் அன்று ஓர் அச்சிட்ட தாள் கொடுக்கப்படும். பாடல், பாவ அறிக்கை, வேதபாடம் என்று எல்லாம் பழகிய ஒழுங்கிலேயே போய்க்கொண்டிருக்கும்போது, ஓரிடத்தில் சபையார் அனைவரும் சேர்ந்து, இனி நான் எனக்குச் சொந்தமானவன் அல்ல என்ற பொருளில் ஒரு ஜெபத்தைச் சொல்லத் தொடங்குவார்கள். என்னை எங்கே வைத்தாலும் சரி, யாரோடு சேர்த்தாலும் சரி, நிறைவாக வைத்தாலும் வெறுமையாக விட்டாலும் சரி என்று அந்த ஜெபம் போகும். இரண்டு நிமிடங்களுக்குள் அது முடிந்துவிடும். அடுத்த பாடலின் எண் அறிவிக்கப்படும்.

இவ்வளவு பெரிய சொல்லை இவ்வளவு எளிதாகச் சொல்லிவிடலாமா என்று அந்தப் புதியவருக்குத் தோன்றினால், அவர் சரியாகத்தான் நினைக்கிறார். முதன்முறையாக அந்த ஜெபத்தைச் சொல்லப்போகிறவர்களுக்கும், கன்வென்ஷன் பந்தலில் கை உயர்த்திவிட்டு வீடு திரும்பியபின் அடுத்து என்ன செய்வதென்று தெரியாமல் இருப்பவர்களுக்கும் இக்கட்டுரை எழுதப்படுகிறது. உங்கள் சபையில் இப்படி ஓர் ஆராதனை இல்லையென்றாலும் கீழே சொல்லப்படும் படிகளை நீங்கள் கைக்கொள்ளலாம். ஏதேனும் ஒரு நாளைக் குறித்துக்கொண்டால் போதும்.

இந்த வழக்கம் எப்படித் தொடங்கியது என்பதைச் சிறிது அறிந்துகொள்வது நல்லது, ஏனெனில் இன்று நாம் இழந்துவிட்ட ஒன்று அதில் இருக்கிறது. 1755-ஆம் ஆண்டு ஆகஸ்டு 6-ஆம் தேதி, புதன்கிழமை, லண்டனில் மெதடிஸ்ட் இயக்கத்தைத் தொடங்கிய ஜான் வெஸ்லி தம் சபையாரிடம், முழு இருதயத்தோடும் முழு ஆத்துமாவோடும் தேவனைச் சேவிப்பதாக ஓர் உடன்படிக்கையில் சேர்வதைப்பற்றி முதலில் பேசினார். அன்றைக்கே யாரையும் எழுந்து நிற்கச் சொல்லவில்லை. தொடர்ந்து சில நாள் காலைவேளைகளில் அதன் பொருள் என்ன, அதை எப்படிச் செய்யவேண்டும் என்று விளக்கினார். வெள்ளிக்கிழமை பலர் உபவாசித்து ஜெபித்தார்கள். அதற்கடுத்த திங்கட்கிழமை, ஆகஸ்டு 11 அன்று மாலை ஆறு மணிக்கு, ஸ்பிட்டல்ஃபீல்ட்ஸ் பகுதியிலிருந்த பிரெஞ்சு ஆலயத்தில் ஏறக்குறைய 1800 பேர் எழுந்து நின்று சம்மதம் தெரிவித்தார்கள். அவர்கள் ஏற்றுக்கொண்ட வார்த்தைகளும் வெஸ்லி எழுதியவை அல்ல. 1662-இல் தம் ஆலயப் பொறுப்பிலிருந்து நீக்கப்பட்ட ரிச்சர்டு அலைன் என்ற தூய்மைவாத ஆயரிடமிருந்து அவர் எடுத்துக்கொண்டவை. 1814-இல் மெதடிஸ்ட் மிஷனரிகள் இலங்கைக்கு வந்து யாழ்ப்பாணத்திலும் மட்டக்களப்பிலும் ஊழியத்தைத் தொடங்கினார்கள். 1817-இல் சென்னைக்கும் வந்தார்கள். 1947-இல் தென்னிந்திய மெதடிஸ்ட் சபைகள் தென்னிந்தியத் திருச்சபையில் இணைந்தன. தமிழில் நம் கையிலிருக்கும் உடன்படிக்கை ஜெபத்தின் பாதை சுருக்கமாக இதுதான்.

இதில் கவனிக்கவேண்டியது அந்தப் புதன்கிழமைக்கும் திங்கட்கிழமைக்கும் இடையில் கிடந்த நாட்கள். கேட்ட மாத்திரத்தில் அவர்கள் எழுந்து நிற்கவில்லை. நம்முடைய கூட்டங்களிலோ செய்தி முடிந்த சூட்டோடு, மெல்லிய இசை ஒலித்துக்கொண்டிருக்கும்போதே, இப்போதே முன்னால் வாருங்கள் என்ற அழைப்பு வந்துவிடுகிறது. அப்படி வந்தவர்களில் உண்மையாக மாறினவர்கள் உண்டு, நான் மறுக்கவில்லை. ஆனால் யோசுவா தம் முதிர்வயதில் சீகேமில் ஜனங்களைக் கூட்டி, யாரைச் சேவிப்பீர்கள் என்று கேட்டபோது, அவர்கள் உடனே கர்த்தரையே சேவிப்போம் என்றார்கள். அதற்கு அவர் மகிழ்ந்து கைதட்டவில்லை, "நீங்கள் கர்த்தரைச் சேவிக்கமாட்டீர்கள்" என்று முகத்துக்கு நேரே சொன்னார். "நானும் என் வீட்டாருமோவென்றால், கர்த்தரையே சேவிப்போம்" என்ற யோசுவா 24-ஆம் அதிகாரத்தின் 15-ஆம் வசனத்தைச் சட்டமிட்டு வரவேற்பறையில் மாட்டியிருக்கிறோம். நான்கு வசனம் தள்ளியிருக்கும் இந்த 19-ஆம் வசனத்தை யாரும் மாட்டுவதில்லை. ஆகவே முதல் அறிவுரை, குறைந்தது பத்து நாட்கள் எடுத்துக்கொள்ளுங்கள். கிறிஸ்துமஸ் வாரத்திலேயே தொடங்கினால் காலம் சரியாக இருக்கும்.

முதற்படி: சொல்லின் பொருளை அறிதல்

நம் சபைப் பேச்சில் ஒப்புக்கொடுத்தல், அர்ப்பணிப்பு, பொருத்தனை ஆகிய மூன்றும் ஒன்றுபோலவே புழங்குகின்றன. முதலிரண்டும் ஏறக்குறைய ஒன்றுதான். பொருத்தனை வேறு. யாக்கோபு பெத்தேலில் செய்தது பொருத்தனை: தேவன் என்னோடிருந்து, உண்ண ஆகாரமும் உடுக்க வஸ்திரமும் தந்து, சமாதானத்தோடே திரும்பிவரப்பண்ணினால், கர்த்தர் எனக்குத் தேவனாயிருப்பார் என்று அவர் நிபந்தனை வைத்தார். மகனுக்கு வேலை கிடைத்தால் முதல் மாதச் சம்பளத்தைக் காணிக்கையாகத் தருகிறேன் என்று நாம் சொல்வதும் அதே வகை. அதில் குற்றமில்லை, ஆனால் அது ஒப்புக்கொடுத்தல் அல்ல. ஒப்புக்கொடுத்தலில் "தந்தால்" என்ற சொல்லுக்கு இடம் கிடையாது.

நிபந்தனையில்லாமல் ஒருவர் தம்மைத் தரும்படி கேட்பது நியாயமா என்ற கேள்விக்கு ரோமர் 12-ஆம் அதிகாரத்தின் முதல் வசனம் விடை தருகிறது. சரீரங்களை ஜீவபலியாக ஒப்புக்கொடுங்கள் என்று பவுல் கட்டளையிடவில்லை. "தேவனுடைய இரக்கங்களை முன்னிட்டு உங்களை வேண்டிக்கொள்ளுகிறேன்" என்கிறார். அந்த வேண்டுதலுக்கு முன்னால் பதினொரு அதிகாரங்கள் அந்த இரக்கங்களைப்பற்றியே பேசுகின்றன. அங்கே முதலில் தருகிறவர் தேவன், நாம் தருவது மறுமொழி. ஆகையால் புதியவர் ஒருவர் பத்து நாட்களில் முதல் இரண்டு நாட்களை ரோமர் 5-ஆம், 8-ஆம் அதிகாரங்களை மெதுவாக வாசிப்பதற்கே செலவிடவேண்டும். அந்த மறுமொழிக்குத் தேவையான பலமும் நம்முடையதன்று. விருப்பத்தையும் செய்கையையும் நம்மில் உண்டாக்குகிறவர் தேவனே என்று பிலிப்பியர் 2:13 சொல்கிறது.

வைணவக் குடும்பத்திலிருந்து வந்தவர்களுக்குச் சரணாகதி என்ற சொல் முன்பே தெரிந்திருக்கும். சரணடைகிறவர் தாய்ப்பூனை கவ்விக்கொண்டுபோகும் குட்டியா, தாயைத் தானே பற்றிக்கொள்ளும் குரங்குக்குட்டியா என்று வைணவத்தின் இரு பிரிவினரான தென்கலையாரும் வடகலையாரும் நெடுங்காலம் வாதிட்ட கேள்வி, கிறிஸ்தவ வேதசாஸ்திரத்திலும் வேறு பெயர்களில் வாதிக்கப்பட்டதுதான். பழைய வீட்டில் கற்றதை மறந்துவிட வேண்டும் என்று அவசரப்படாதீர்கள். அந்தக் கேள்வியின் ஆழம் உங்களுக்கு ஏற்கெனவே தெரியும் என்பது உதவியே. இங்கே யாரிடம் சரணடைகிறோம், அவர் சிலுவையில் என்ன செய்தார் என்பதில்தான் நீங்கள் புதிதாகக் கற்கவேண்டியது இருக்கிறது.

இடமும் வேளையும்

அறைவீட்டுக்குள் பிரவேசித்துக் கதவைப் பூட்டி ஜெபம்பண்ணும்படி இயேசு சொன்னார். ஒரே அறையில் ஐந்து பேர் படுக்கும் வீட்டில் அது நடவாது என்பதை நான் அறிவேன். மொட்டைமாடி, விடியற்காலையில் திறந்திருக்கும் ஆலயம், வேலைக்குப் போகும் பேருந்தின் கடைசி இருக்கை என்று எதுவாயினும் சரி. தேவைப்படுவது அரைமணி நேரம் வீதம் மூன்று நான்கு தடவை, ஒரே இடத்தில், கைப்பேசி இல்லாமல். உபவாசம் இருப்பது நல்ல வழக்கம். ஆனால் சர்க்கரை நோய்க்கு மாத்திரையோ ஊசியோ எடுத்துக்கொள்பவர்களும், கர்ப்பிணிகளும், பால் கொடுக்கும் தாய்மாரும் மருத்துவரைக் கேட்காமல் அதைச் செய்யவேண்டாம். அவர்கள் ஒருநாள் தொலைக்காட்சியை விட்டாலும் அந்த வேளை கிடைத்துவிடும்.

செல்லுஞ்செலவைக் கணக்குப் பார்த்தல்

இந்தப் படிக்குத்தான் அதிக நாட்கள் தேவை. கோபுரம் கட்ட மனதாயிருக்கிறவன் முன்பு உட்கார்ந்து செல்லுஞ்செலவைக் கணக்குப் பாராமலிருப்பானோ என்று லூக்கா 14:28-இல் ஆண்டவர் கேட்கிறார். உட்கார்ந்து கணக்குப் பார்ப்பது என்றால் எழுதிப் பார்ப்பதுதான். வெஸ்லியும் இந்த உடன்படிக்கையை இருதயத்தில் மட்டுமன்றி வாயினாலும், வாயினால் மட்டுமன்றி எழுத்தினாலும் செய்யும்படி அறிவுறுத்தினார்.

எப்படி எழுதுவது என்பதற்குச் சார்பதிவாளர் அலுவலகம் நல்ல முன்மாதிரி. என் நிலம் முழுவதையும் விற்கிறேன் என்று மட்டும் எழுதிய கிரயப் பத்திரத்தை அங்கே யாரும் பதிந்துதர மாட்டார்கள். கிராமத்தின் பெயர், சர்வே எண், பரப்பளவு, கிழக்கே யார் நிலம், மேற்கே எந்த வாய்க்கால் என்று நான்கெல்லையும் சொல்லியாக வேண்டும். ஆனால் ஆண்டவரிடத்தில் மட்டும் நாம் சொத்து விவரம் இல்லாத பத்திரத்தையே நீட்டுகிறோம். "எல்லாவற்றையும் ஒப்புக்கொடுக்கிறேன்" என்று கண்ணீரோடு பாடுவதில் இருக்கும் வசதியே அதுதான். எல்லாவற்றையும் என்று சொல்லிவிட்டால் எதையும் பெயர் சொல்ல வேண்டியதில்லை.

ஆகவே ஒரு வெள்ளைத்தாளை எடுத்து, உங்கள் வாழ்க்கையில் எவையெல்லாம் உங்கள் கட்டுப்பாட்டில் இருப்பதாக நினைக்கிறீர்களோ, எவற்றை இழந்தால் தாங்கமாட்டேன் என்று நினைக்கிறீர்களோ, அவற்றை ஒவ்வொன்றாகப் பெயர் சொல்லி எழுதுங்கள். பணம் என்று எழுதவேண்டாம். சேமிப்புக் கணக்கு, அடகிலிருக்கும் சங்கிலி, தம்பிக்குத் தெரியாமல் வைத்திருக்கும் தொகை என்று எழுதுங்கள். பிள்ளைகள் என்று எழுதவேண்டாம். மகளை மருத்துவம் படிக்கவைக்கவேண்டும் என்ற என் ஆசை என்று எழுதுங்கள். கோபம் என்பதற்குப் பதிலாக, மாமியாரோடு பேசும்போது வரும் குரல் என்று எழுதினால் அதன் நான்கெல்லை தெரியும். இரவு பதினொரு மணிக்கு மேல் கைப்பேசியில் பார்ப்பவை, அலுவலகத்தில் பொய்யாகக் காட்டும் பயணப்படி, யாரும் பாராட்டாவிட்டால் சுருங்கிப்போகும் மனம் ஆகியவையும் இந்தத் தாளுக்குரியவையே.

ஒன்றை மட்டும் நானே குறிப்பிட்டுச் சொல்லவேண்டியிருக்கிறது, ஏனென்றால் வேறு எதை எழுதினாலும் நம் மக்கள் இதை எழுதுவதில்லை. அது சாதி. ஞானஸ்நானம், உறுதிப்படுத்தல், திருவிருந்து என்று எல்லாம் நிறைவேறிய பின்னும், வரன் தேடும் விளம்பரத்தில் மதத்துக்குப் பக்கத்திலேயே சாதியின் பெயர் வந்து நிற்கிறது. முழு இருதயத்தோடும் அன்புகூருவேன் என்று தாளைப் பார்த்துச் சொல்லுகிற அதே வாய், பெண் எந்த ஆட்கள் என்று விசாரிக்கிறது. உங்கள் தாளில் இந்த வரி இல்லையென்றால், அது உங்களிடத்தில் இல்லாததாலா, அல்லது இதையும் கேட்பாரென்று நீங்கள் எதிர்பார்க்காததாலா என்று ஒருமுறை யோசியுங்கள். யூதாவின் ராஜாவாகிய அமத்சியாவைப்பற்றி, அவன் கர்த்தரின் பார்வைக்குச் செம்மையானதைச் செய்தான், ஆனாலும் முழுமனதோடே அப்படிச் செய்யவில்லை என்று வேதம் எழுதிவைத்திருக்கிறது. செம்மையானதைச் செய்வதும் முழுமனதோடு செய்வதும் வெவ்வேறு என்பதற்கு இதைவிடச் சுருக்கமான சான்று வேண்டியதில்லை.

எழுதி முடித்ததும் பயம் வருவது இயல்பு. இதையெல்லாம் விட்டுவிட வேண்டுமா, வேலையை ராஜினாமா செய்து முழுநேர ஊழியத்துக்குப் போகவேண்டுமா என்று பலர் கலங்குகிறார்கள். பத்திரம் எழுதிக்கொடுத்தால் உரிமை மாறுகிறது, வீடு இடிந்துபோவதில்லை. அதுவரை சொந்தக்காரராக இருந்த நீங்கள் இனி உக்கிராணக்காரர், அதாவது எஜமானின் சொத்தைப் பராமரிக்கிறவர். உக்கிராணக்காரன் உண்மையுள்ளவனென்று காணப்படவேண்டும் என்பதே வேதம் வைக்கும் எதிர்பார்ப்பு. தாளில் எழுதியவற்றுள் சில உங்கள் கையைவிட்டுப் போகும். பயணப்படிப் பொய் கட்டாயம் போகவேண்டும். மற்றவை உங்களிடமே இருக்கும், ஆனால் கணக்குக் கேட்கிறவர் வேறொருவராக இருப்பார். தையல் இயந்திரமும் ஆட்டோவும் ரேஷன் கடைத் தராசும் ஒப்புக்கொடுக்கப்படக்கூடியவையே.

ஒப்புரவாகுதல்

காணிக்கையைப் பலிபீடத்தண்டையிலே வைத்துவிட்டுப் போய், முன்பு உன் சகோதரனோடே ஒப்புரவாகு என்று மத்தேயு 5-ஆம் அதிகாரம் சொல்கிறது. ஆகையால் தாளை எழுதிய பிறகு, ஜெபத்தைச் சொல்லும் நாளுக்கு முன்பாக, உங்களால் சரிசெய்யக்கூடிய ஒன்றையாவது சரிசெய்யுங்கள். சகேயு தன் ஆஸ்தியில் பாதியை ஏழைகளுக்குக் கொடுப்பதாகவும், அநியாயமாய் வாங்கியதை நாலத்தனையாகத் திரும்பச் செலுத்துவதாகவும் சொன்னபோது ஒரு தொகையைச் சொன்னான்; வெறுமனே வருந்தவில்லை. வாங்கிய கடனைத் திருப்பித் தாருங்கள். முழுவதும் முடியாதென்றால் மாதம் இவ்வளவு என்று நேரில் போய்ச் சொல்லுங்கள். பாகப்பிரிவினையில் பேசாமல்போன அண்ணன் வீட்டுக்குப் போய், நான் பேசியது தவறு என்று மட்டும் சொல்லிவிட்டு வாருங்கள். நீங்களும் தவறுதானே என்பதைச் சேர்க்காதீர்கள். அவர் கதவைத் திறக்காவிட்டால் உங்கள் பங்கு முடிந்தது.

இதற்கு ஒரு வரம்பு உண்டு. உங்களை அடித்தவரிடமோ, சிறுவயதில் உங்களுக்குத் தீங்கிழைத்தவரிடமோ தனியே போய் ஒப்புரவாகும்படி இந்த வசனத்தைக் காட்டி யாரேனும் வற்புறுத்தினால், கேட்கவேண்டாம். உன் சகோதரனுக்கு உன்பேரில் குறை உண்டென்று நினைவுகூருவாயாகில் என்றுதான் வசனம் தொடங்குகிறது. அது தவறு செய்தவரை அனுப்புகிற வசனம், காயப்பட்டவரைத் திரும்ப அடிக்குள் அனுப்புகிற வசனம் அன்று. கணவனின் அடியைத் தாங்கிக்கொள்வதே அர்ப்பணிப்பு என்று போதிப்பவர்கள் இதைக் கவனித்து வாசிக்கவேண்டும்.

தவிர்க்கவேண்டியவை

தேவனுக்கு ஒப்புக்கொடுப்பது வேறு, தேவனுடைய பெயரால் ஒரு மனிதருக்கு ஒப்புக்கொடுப்பது வேறு. உருக்கமான ஒரு கூட்டத்தின் முடிவில் நகையைக் கழற்றிப் போடும்படியோ, நிலத்தை எழுதித்தரும்படியோ, திருமணம் முதல் வேலை வரை தம்மிடம் கேட்டே முடிவெடுக்கும்படியோ ஒருவர் சொன்னால், பதில் சொல்லாமல் வீட்டுக்கு வந்துவிடுங்கள். நிலத்தை விற்று, விலையில் ஒரு பங்கை மறைத்துவைத்த அனனியாவிடம் பேதுருகூட, அதை விற்குமுன்னே அது உன்னுடையதாயிருக்கவில்லையோ என்றுதான் கேட்டார். விற்றபின்பும் அதின் கிரயம் உன் வசத்தில்தானே இருந்தது என்றார். அவன்மேல் சுமத்தப்பட்ட குற்றம் அவன் சொன்ன பொய்தான். அவன் நிலத்தைத் தன்னிடமே வைத்துக்கொண்டிருந்தால் யாரும் அவனைக் கேட்டிருக்க மாட்டார்கள்.

இரண்டாவதாக, பெற்றோருக்குச் செய்யவேண்டியதை நிறுத்திவிட்டு அதைத் தேவனுக்குத் தந்துவிட்டேன் என்று சொல்லாதீர்கள். மாற்கு 7-ஆம் அதிகாரத்தில் கொர்பான், அதாவது காணிக்கை என்று சொல்லித் தாய் தகப்பனைக் கைவிட்டவர்களை இயேசு கடுமையாகக் கண்டித்தார். மாத்திரையை நிறுத்துவதாக நேர்ந்துகொள்வதும் இந்த வரிசையில்தான் வருகிறது. அதன் விலையை உங்களைப் பராமரிக்கும் வீட்டார்தான் கொடுப்பார்கள். நேர்ந்துகொண்டதைச் செய்யாமற்போவதைப் பார்க்கிலும் நேர்ந்துகொள்ளாதிருப்பதே நலம் என்று பிரசங்கி சொல்வதை நினைத்துக்கொண்டு, ஒருபோதும் கோபப்படமாட்டேன் என்பதுபோன்ற வாக்குகளைத் தாளில் எழுதாதீர்கள்.

அந்த நாள்

ஆராதனையன்று பத்து நிமிடம் முன்னதாகப் போய் உட்காருங்கள். எழுதிய தாள் வேதாகமத்துக்குள் இருக்கட்டும், யாரிடமும் காட்டவேண்டியதில்லை. ஜெபத்தின் வரிகள் சேர்ந்து வாசிக்கப்படும்போது மற்றவர்களின் வேகத்துக்கு ஓடாதீர்கள். ஒரு வரியை உண்மையாகச் சொல்ல முடியவில்லையென்றால் அந்த இடத்தில் வாயை மூடிக்கொண்டு நில்லுங்கள். அந்த மௌனத்தையும் அவர் கேட்கிறார். வழக்கமாகத் தொடர்ந்து திருவிருந்து நடைபெறும். இன்னும் ஞானஸ்நானம் பெறாதவர்கள் அதில் பங்குபெறலாமா என்பதை முந்தின வாரமே ஆயரிடம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். வீட்டுக்கு வந்ததும் தாளின் அடியில் கையெழுத்தும் தேதியும் இடுங்கள்.

அந்த ஜெபத்தில் பலரும் கவனிக்காமல் தாண்டிப்போகும் வரி ஒன்று உண்டு. உமக்காகப் பயன்படுத்தப்பட்டாலும் சரி, உமக்காக ஒதுக்கிவைக்கப்பட்டாலும் சரி என்று அது சொல்கிறது. முதற்பாதிக்கு எல்லாருமே ஆயத்தம். அதிகமாய் என்னைப் பயன்படுத்தும் என்பதே நம் ஜெபக்கூட்டங்களின் பல்லவி. இரண்டாம் பாதியை நான் இருபது வருடம் வாயால் சொல்லியிருக்கிறேன், பொருள் தெரியாமல். பாடகர் குழுவில் இருந்தேன். பிறகு தொண்டையில் ஒரு கோளாறு வந்து, சிகிச்சைக்குப்பின் பேச முடிந்தது, பாட முடியவில்லை. குழுவினர் அமரும் பக்கத்தைவிட்டு நடுவரிசைக்கு வந்து உட்கார்ந்த முதல் ஞாயிறு, என் இடத்தில் நின்று பாடிய இளைஞன்மேல் எனக்கு வந்த எரிச்சலைப் பார்த்து நானே திடுக்கிட்டேன். அவன் நன்றாகப் பாடினான் என்பதுதான் என் குறை. குரலை நான் ஆண்டவருக்குத் தந்திருந்தேன் என்று அதுவரை நம்பியிருந்தேன். உண்மையில் நான் தந்திருந்தது குரலையல்ல, குரலால் எனக்குக் கிடைத்த இடத்தில் ஒரு பங்கை மட்டும்தான். அடுத்த டிசம்பரில் என் தாளில் முதல் வரியாக எழுதியது அந்த இடத்தை. ஆகவே உங்கள் தாளை ஒருமுறை திருப்பிப் பார்த்து, ஊழியத்தைச் சேர்ந்தவை அதில் இருக்கின்றனவா என்று கவனியுங்கள். ஞாயிறு பள்ளி வகுப்பு, பெண்கள் ஐக்கியச் செயலாளர் பதவி, சேகரக் குழு உறுப்பினர் பொறுப்பு, வேதபாடம் வாசிக்கும் வாய்ப்பு ஆகியவை ஏற்கெனவே தேவனுடையவை என்று நாம் நினைப்பதாலேயே அவற்றை எழுதாமல் விட்டுவிடுகிறோம். சபைத் தேர்தலில் தோற்றபின் ஆலயத்தை மாற்றிக்கொண்டவர்களை நாம் எல்லாருமே பார்த்திருக்கிறோம்.

அதற்குப் பிறகு

ஞாயிறு இரவு நெஞ்சு நிறைந்திருக்கும். செவ்வாய்க்கிழமை காலையில் ஒன்றுமே தோன்றாது. ஏதோ தவறிவிட்டது என்று எண்ணாதீர்கள். கெத்செமனேயில் இயேசு, உமக்குச் சித்தமானால் இந்தப் பாத்திரம் நீங்கும்படி செய்யும் என்று கேட்டபிறகே, "என்னுடைய சித்தத்தின்படியல்ல, உம்முடைய சித்தத்தின்படியே ஆகக்கடவது" என்றார். அங்கே மகிழ்ச்சி இல்லை, வியர்வை இருந்தது. விரும்பாததை விரும்பவில்லை என்று சொல்லிக்கொண்டே கீழ்ப்படிவது அரைமனது அல்ல என்பதை அந்த இரவிலிருந்து கற்றுக்கொள்ளலாம்.

அன்றாடம் கைக்கொள்ள எளிய ஒழுங்கு ஒன்று போதும். காலையில் கைப்பேசியைத் தொடுமுன், இந்த நாள் உம்முடையது என்ற ஒரு வாக்கியம். அதோடு தாளிலிருந்து ஒரே ஒரு வரியை எடுத்து, இன்று இதைக் காப்பீராக என்று பெயர் சொல்லிக் கேட்பது. இரவில் படுக்குமுன், அந்த ஒரு வரியில் இன்று என்ன நடந்தது என்று இரண்டு நிமிடம் திரும்பிப் பார்ப்பது. வாரத்துக்கு ஒரு வரி என்று வைத்துக்கொண்டால், பன்னிரண்டு வரிகள் உள்ள தாள் மூன்று மாதத்தில் ஒரு சுற்று வந்துவிடும். சங்கீதங்களையும் நற்செய்தி நூல் ஒன்றையும் தினம் சிறிதளவு வாசியுங்கள். பெரிய வாசிப்புத் திட்டங்கள் பெரும்பாலும் பிப்ரவரி மாதம் லேவியராகமத்தில் நின்றுபோகும். அது எனக்கும் நடந்திருக்கிறது.

ஒருவரையாவது துணைக்கு வைத்துக்கொள்ளுங்கள். உங்களைவிடச் சற்று முதிர்ந்தவராக, ஆணுக்கு ஆணாக, பெண்ணுக்குப் பெண்ணாக, கேட்டதை ஜெபக்குறிப்பு என்ற பெயரில் வாட்ஸ்அப் குழுவில் பரப்பாதவராக அவர் இருக்கவேண்டும். கடைசித் தகுதிதான் கிடைப்பதற்கு அரியது. மாதம் ஒருமுறை சந்தித்து, எது கடினமாக இருக்கிறது என்று மட்டும் சொல்லிக்கொண்டால் போதும்.

விழுந்துபோவீர்கள். அப்போது எல்லாம் வீணாயிற்று என்று முடிவுசெய்து, அடுத்த கன்வென்ஷனில் மறுபடியும் முதலிலிருந்து ஒப்புக்கொடுக்கவேண்டும் என்று சிலர் நினைக்கிறார்கள். ஒரே ஆண்டில் நான்கு முறை முன்னால் போனவர்களை எனக்குத் தெரியும். பத்திரத்தை ஒருமுறை பதிந்துவிட்டால், வாடகை தவறியதற்காக அதை மறுபடி பதிவதில்லை; தவறியதைக் கட்டுகிறோம். அன்றைக்கே அறிக்கையிட்டு, தீங்கு யாருக்கு நேர்ந்ததோ அவரிடம் சரிசெய்து, மறுநாள் காலை அதே வாக்கியத்திலிருந்து தொடங்குங்கள். ஆனால் எவ்வளவு அறிக்கையிட்டாலும் ஆறுதலே வராமல், ஒரே குற்றவுணர்வு இரவு பகலாகச் சுற்றிக்கொண்டிருந்தால், ஆயரிடம் பேசுவதோடு மனநல மருத்துவரையும் பாருங்கள். அது பக்திக்குறைவின் அடையாளம் அல்ல.

கானானை வேவுபார்த்து வந்த பன்னிருவரில் ஒருவரான காலேபைப்பற்றி, அவன் உத்தமமாய் என்னைப் பின்பற்றி வந்தான் என்று கர்த்தர் சொன்னபோது அவருக்கு வயது நாற்பது. தனக்கு வாக்களிக்கப்பட்ட எபிரோன் மலைநாட்டைக் கேட்டு அவர் யோசுவாவிடம் வந்து நின்றபோது எண்பத்தைந்து. இடையில் நாற்பத்தைந்து ஆண்டுகள். அவற்றில் பெரும்பகுதி, தாம் செய்யாத குற்றத்துக்காக ஒரு தலைமுறையோடு சேர்ந்து வனாந்தரத்தில் நடந்தவை. அந்த ஆண்டுகளில் காலேப் என்ன செய்தார் என்று வேதம் ஒரு வரிகூடச் சொல்லவில்லை. காலையில் எழுந்து மன்னாவைப் பொறுக்கியிருப்பார்; கூடாரத்தைப் பிரித்துக் கட்டியிருப்பார்.

டிசம்பர் வந்ததும் பழைய தாளை எடுத்துப் பாருங்கள். சில வரிகள் ஏன் எழுதப்பட்டன என்றே நினைவுக்கு வராத அளவுக்கு விலகிப்போயிருக்கும்; அவற்றை அடித்துவிட்டு நன்றி சொல்லுங்கள். சில வரிகள் போன ஆண்டு எழுதியபடியே இருக்கும். அவற்றைப் புதிய தாளில், கூடுமானால் இன்னும் தெளிவான நான்கெல்லையோடு, மறுபடி எழுதுங்கள். என் தாளில் மூன்றாவது வரி ஆறு ஆண்டுகளாக இடம் மாறவில்லை. பழைய தாள்களை நான் கிழிப்பதில்லை. ஒரு ரப்பர் வளையம் போட்டு வேதாகமத்தின் பின்னட்டைக்குள் வைத்திருக்கிறேன்.